தெரியாத எண்களைக் கண்டுபிடிப்பது எப்படி: ஒருங்கமை நேரியச் சமன்பாடுகள், படிப்படியாக

ஒன்பது நாரத்தையும் ஏழு விளாம்பழமும் சேர்த்து 107 காசு. ஏழு நாரத்தையும் ஒன்பது விளாம்பழமும் சேர்த்து 101 காசு. ஒரு நாரத்தை என்ன விலை? ஒரு விளாம்பழம் என்ன விலை?

இந்தக் கணக்கைத் தந்தவர் மகாவீரர். 9ஆம் நூற்றாண்டில், ராஷ்டிரகூட மன்னர் அமோகவர்ஷர் காலத்தில், கன்னட நாட்டில் வாழ்ந்த சமணக் கணித அறிஞர். அவர் வடமொழியில் எழுதிய 'கணித சார சங்கிரகம்' என்ற நூலை 1912இல் சென்னை அரசு அச்சகம் ஆங்கில மொழிபெயர்ப்போடு வெளியிட்டது. பதிப்பித்தவர் மாநிலக் கல்லூரிப் பேராசிரியர் ரங்காச்சாரியார். மூலத்தில் உள்ள பழத்தின் பெயர் மாதுலுங்கம். அது நாரத்தை வகையைச் சேர்ந்தது என்பதால் நான் நாரத்தை என்றே சொல்லிவிடுகிறேன்.

மாலையில் வீட்டில் பிள்ளைகளுக்குக் கணக்குச் சொல்லித் தருகிறேன். இந்தப் பாடம் தொடங்கும் நாளில் எக்ஸ், ஒய் என்று எதையும் எழுத மாட்டேன். இந்தப் பழக்கணக்கை வாயால் சொல்லிவிட்டுக் காத்திருப்பேன். கொஞ்ச நேரம் எல்லோரும் தோராயமாக விலைகளைப் போட்டுப் பார்ப்பார்கள். போன வருடம் ஒரு பையன், ரஃப் நோட்டில் எதுவும் எழுதாமலே, "டீச்சர், ரெண்டு நாள் வாங்கினதையும் ஒண்ணாச் சேர்த்தா ரெண்டு பழமும் பதினாறு பதினாறு வருது" என்றான். அவ்வளவுதான், கணக்கு திறந்துகொண்டது. பதினாறு நாரத்தையும் பதினாறு விளாம்பழமும் 208 காசு என்றால், ஒரு நாரத்தையும் ஒரு விளாம்பழமும் சேர்ந்து 13 காசு. அடுத்து, முதல் வாங்கலிலிருந்து இரண்டாவதைக் கழித்தால், இரண்டு நாரத்தை இரண்டு விளாம்பழத்தைவிட 6 காசு அதிகம். ஒன்றுக்கு 3 காசு அதிகம். கூடுதல் 13, வித்தியாசம் 3. நாரத்தை 8 காசு, விளாம்பழம் 5 காசு.

அந்தப் பையன் செய்ததுதான் இந்தப் பாடம் முழுவதும். சமன்பாடு என்பது நமக்குக் கிடைத்த உண்மையான ஒரு தகவல். இரண்டு உண்மைகளைக் கூட்டினாலும் உண்மைதான் வரும், கழித்தாலும் உண்மைதான் வரும். அப்படிக் கூட்டும்போதும் கழிக்கும்போதும் தெரியாத எண்களில் ஒன்று கழன்று விழும்படி பார்த்துக்கொள்ள வேண்டும். ஒன்பதாம் வகுப்பில் இரண்டு மாறிகள் (தெரியாத எண்கள்), பத்தில் மூன்று மாறிகள், பன்னிரண்டில் அணிகள் (எண்களை அடுக்கிய கட்டங்கள்) என்று பாடநூல் பிரித்துப் பிரித்துத் தருவதால் இவை மூன்று வேறு பாடங்கள் போலத் தோன்றுகின்றன. மூன்றும் ஒரே வேலைதான்.

முதல் படி: பெயர் வைப்பது

தெரியாத ஒவ்வொரு எண்ணுக்கும் ஓர் எழுத்து கொடுங்கள். பள்ளியில் ஆங்கில எழுத்துகள் போடுவார்கள். கணித அறிஞர் பாஸ்கரர் 12ஆம் நூற்றாண்டில் யா, கா, நீ, பீ என்று எழுதினார். 'யாவத் தாவத்' (எவ்வளவோ அவ்வளவு) என்ற சொல்லின் முதல் எழுத்தும், கறுப்பு, நீலம், மஞ்சள் ஆகிய நிறங்களின் வடமொழிப் பெயர்களுடைய முதல் எழுத்துகளும் அவை. அந்த வழக்கத்தை ஒட்டி நானும் இங்கே தமிழ் எழுத்துகளையே வைக்கிறேன்.

பெயர் வைக்கும்போது முழு வாக்கியமாக எழுதுங்கள்: "நா = ஒரு நாரத்தையின் விலை, காசில்." "நா = நாரத்தை" என்று எழுதாதீர்கள். அது சின்ன விஷயம் போலத் தெரியும், ஆனால் வாக்கியக் கணக்குகளில் பாதித் தவறு அங்கேதான் பிறக்கிறது. எழுத்து என்பது எண்ணுக்கான பெயர். 9நா என்றால் ஒன்பது பழம் அல்ல, ஒன்பது பழத்துக்கான காசு. இது மனதில் இருந்தால், காசையும் பழ எண்ணிக்கையையும் ஒரே வரியில் கூட்டிவிடும் தவறு வராது.

இரண்டாவது படி: தகவலைச் சமன்பாடாக எழுதுவது

9நா + 7வி = 107
7நா + 9வி = 101

ஒரே மாறி ஒன்றன்கீழ் ஒன்றாக நிற்க வேண்டும். மாறிகள் இடப்பக்கம், மாறிலி (மாறி ஒட்டாத தனி எண்) வலப்பக்கம். ஒரு சமன்பாட்டில் ஒரு மாறி இல்லையென்றால் அந்த இடத்தைக் காலியாக விடுங்கள், அல்லது 0 போடுங்கள். நெருக்கி எழுதினால் மூன்று மாறிக் கணக்கில் கண்டிப்பாகக் குழம்பும்.

'நேரிய' என்ற சொல்லுக்கும் ஒரு வரி. மாறிகளை எண்ணால் பெருக்கலாம், கூட்டலாம், கழிக்கலாம். மாறியின் வர்க்கமோ, இரண்டு மாறிகளின் பெருக்கற்பலனோ வந்துவிட்டால் அது நேரியம் இல்லை. வயலின் சுற்றளவைச் சொன்னால் நேரியச் சமன்பாடு. பரப்பளவைச் சொன்னால் நீளமும் அகலமும் பெருக்கிக்கொள்ளும், அது வேறு பாடம்.

மூன்றாவது படி: நீக்கல் முறை

நாரத்தைக் கணக்கில் 9, 7 என்ற எண்கள் இடம் மாறி வந்ததால் கூட்டலும் கழித்தலும் உடனே பலித்தன. எல்லாக் கணக்கும் அப்படி அமையாது. பொதுவான வழி இது.

5க − 3ச = 17 ... (1)
2க − 5ச = 3 ... (2)

க-வை நீக்க நினைக்கிறோம். கெழுக்கள், அதாவது க-வுக்கு முன்னால் நிற்கும் எண்கள், 5, 2. இரண்டும் 10 ஆக வேண்டும். (1)ஐ 2ஆல் பெருக்க:

10க − 6ச = 34

(2)ஐ 5ஆல் பெருக்க:

10க − 25ச = 15

இப்போது கழிக்க வேண்டும். இங்கே ஒரு நிமிடம் நில்லுங்கள், ஏனென்றால் நான் திருத்துகிற நோட்டுகளில் அதிகம் சிவப்பு மை விழுகிற இடம் இதுதான். ஒரு மாணவியின் நோட்டில் இந்த இடத்தில் −31ச = 19 என்று இருந்தது. −6, −25 இரண்டும் மைனஸ், ஆகவே சேர்த்து −31 என்று போட்டுவிட்டாள். வலப்பக்கம் 34இல் 15 போக 19 என்று சரியாகக் கழித்திருக்கிறாள். இடப்பக்கம் கூட்டல், வலப்பக்கம் கழித்தல். ச-வுக்கு −19/31 என்று வந்ததும் பயந்துபோய் முழுவதையும் அடித்துவிட்டு வேறு முறையில் தொடங்கியிருந்தாள். முறையில் தவறே இல்லை. −6 − (−25) = −6 + 25 = 19. அந்த ஒரு குறிதான்.

அவளுக்கு நான் சொன்ன யோசனையை உங்களுக்கும் சொல்கிறேன்: கழிக்கவே கழிக்காதீர்கள். கழிக்க வேண்டிய வரியை மைனஸால் பெருக்கி, எல்லாக் குறிகளையும் மாற்றி, ஒரு தனி வரியாக எழுதிவிடுங்கள்.

10க − 6ச = 34
−10க + 25ச = −15

இப்போது கூட்டுங்கள்: 19ச = 19, ஆகவே ச = 1. ஒரு வரி கூடுதலாக எழுதுவதால் நேரம் போகும் என்று பிள்ளைகள் சொல்வார்கள். அடித்துத் திருத்துவதற்கு அதைவிட அதிக நேரம் போகிறது.

ச = 1 என்பதை (1)இல் போட்டால் 5க − 3 = 17, 5க = 20, க = 4.

நான்காவது படி: சரிபார்ப்பது

க-வைக் கண்டுபிடிக்க (1)ஐப் பயன்படுத்தினோம். ஆகவே சரிபார்க்க (1) மட்டும் போதாது. நாம் கடைசியில் தொடாத சமன்பாட்டில் போட்டுப் பார்க்க வேண்டும். (2): 2 × 4 − 5 × 1 = 3. சரி. இன்னொன்று, சரிபார்க்கும்போது வினாத்தாளில் உள்ள மூலச் சமன்பாட்டை எடுங்கள். நீங்கள் பெருக்கி எழுதிய வரியில் போட்டால், பெருக்கும்போது செய்த தவறு உங்களிடம் சிக்காது.

பிரதியிடல் முறை எப்போது?

35 தலை, 94 கால். கோழிகள் எத்தனை, முயல்கள் எத்தனை? சீனாவின் பழைய கணக்கு நூலொன்றில் இதே எண்களோடு உள்ள கணக்கு இது (அங்கே கோழிக்குப் பதில் காட்டுக்கோழி).

கோ + மு = 35
2கோ + 4மு = 94

முதல் சமன்பாட்டில் கெழு 1. அப்படி இருந்தால் பிரதியிடல் சுகமானது. கோ = 35 − மு. இதை இரண்டாவதில் போட, 2(35 − மு) + 4மு = 94. அடைப்புக்குறியை விரித்தால் 70 + 2மு = 94. மு = 12, கோ = 23.

இதே கணக்கை எழுதாமலும் போடலாம். எல்லா முயலும் முன்னங்கால் இரண்டையும் தூக்கி நிற்கிறது என்று நினைத்துக்கொள்ளுங்கள். தரையில் ஒரு தலைக்கு இரண்டு கால், ஆக 70. மீதி 24 கால் காற்றில் இருக்கிறது, முயலுக்கு இரண்டாக, ஆகவே 12 முயல். இந்தக் கற்பனையைச் சமன்பாட்டில் பார்த்தால், முதல் சமன்பாட்டின் இரண்டு மடங்கை இரண்டாவதிலிருந்து எடுத்திருக்கிறோம். நீக்கல் முறையேதான்! மனக்கணக்காகச் சொல்லித் தரப்படும் பல குறுக்குவழிகளுக்கு உள்ளே இதுதான் இருக்கிறது.

என் கருத்து: ஒரு மாறியின் கெழு 1 அல்லது −1 ஆக இருந்தால் பிரதியிடல். மற்ற எல்லாவற்றுக்கும் நீக்கல். கெழு 5ஆக இருக்கும்போது பிரதியிட்டால் பின்னம் வரும், பின்னத்தோடு அடைப்புக்குறி வரும், அங்கே தவறும் வரும். குறுக்குப் பெருக்கல் முறையைப் பற்றிப் பலர் கேட்பார்கள். தேர்வில் அந்த முறையிலேயே செய்யச் சொன்னால் செய்யுங்கள். இல்லையென்றால் அந்த அம்புக்குறிப் படத்தை மனப்பாடம் செய்யத் தேவையில்லை.

கோடுகளாகப் பார்த்தால்

இரண்டு மாறியுள்ள நேரியச் சமன்பாடு ஒவ்வொன்றும் வரைபடத்தாளில் ஒரு நேர்க்கோடு. விடை என்பது இரண்டு கோடுகளும் வெட்டிக்கொள்ளும் புள்ளி. விடை காண இது நல்ல வழி இல்லை. பென்சில் கொஞ்சம் நகர்ந்தாலே 4 என்பது 4.2 ஆகிவிடும். ஆனால் என்னென்ன நடக்கலாம் என்பதை இதைவிடத் தெளிவாக எதுவும் காட்டாது. இரண்டு கோடுகள் ஒரே இடத்தில் வெட்டலாம். வெட்டாமல் இணையாகப் போகலாம். அல்லது ஒன்றின்மேல் ஒன்று படிந்துவிடலாம். நான்காவது வகை கிடையாது.

2க + 3ச = 12, 4க + 6ச = 20. முதலாவதை −2ஆல் பெருக்கிக் கூட்டினால் 0 = −4. இரண்டு மாறியும் போய்விட்டன, மிஞ்சியது பொய். தீர்வே இல்லை, பாடநூல் மொழியில் ஒருங்கமைவற்றது. 20க்குப் பதில் 24 இருந்தால் 0 = 0 வரும். அது உண்மை, ஆனால் புதிதாக எதையும் சொல்லவில்லை. நேற்று வாங்கியதையே இன்று இரண்டு மடங்காக வாங்கி இரண்டு பில் வைத்திருப்பதைப் போல. பில் இரண்டு, தகவல் ஒன்று. எண்ணற்ற தீர்வுகள் உண்டு.

மாணவர்கள் 0 = −4 வந்தவுடன் எங்கோ தப்பு செய்துவிட்டோம் என்று அழித்துவிடுகிறார்கள். ஒருமுறை சரிபாருங்கள். அப்படியும் அதே வந்தால், அதுதான் விடை.

மூன்று மாறிகள்: இரண்டாயிரம் ஆண்டுக் கணக்கு

சீனாவில் ஹான் அரசர்கள் காலத்தில் தொகுக்கப்பட்ட 'கணிதக் கலையின் ஒன்பது அத்தியாயங்கள்' என்ற நூலின் எட்டாவது அத்தியாயம் முழுக்க நேரியச் சமன்பாடுகள்தான். அத்தியாயத்தின் பெயர் ஃபாங்செங். இன்றும் சீன மொழியில் சமன்பாட்டுக்கு அதுவே சொல். அதில் வரும் முதல் கணக்கு:

உயர்ந்த ரகக் கதிர்க்கட்டு 3, நடுத்தரம் 2, கடைத்தரம் 1 சேர்ந்து அடித்தால் 39 தோ தானியம். உயர் 2, நடு 3, கடை 1 சேர்ந்து 34 தோ. உயர் 1, நடு 2, கடை 3 சேர்ந்து 26 தோ. ஒவ்வொரு ரகத்திலும் ஒரு கட்டுக்கு எவ்வளவு? ('தோ' என்பது நம் மரக்கால் போல ஒரு முகத்தல் அளவை.)

3உ + 2ந + க = 39 ... (1)
2உ + 3ந + க = 34 ... (2)
உ + 2ந + 3க = 26 ... (3)

மூன்று மாறி என்றதும் எங்கே தொடங்குவது என்று தெரியாமல் திகைப்பது இயல்பு. விதி ஒன்றுதான்: ஒரே மாறியை இரண்டு வெவ்வேறு ஜோடிகளிலிருந்து நீக்குங்கள். (1), (2) ஜோடியில் க-வை நீக்கிவிட்டு, (2), (3) ஜோடியில் உ-வை நீக்கினால் எங்கும் போய்ச் சேர மாட்டீர்கள்; மூன்று மாறியும் அப்படியே சுற்றிக்கொண்டிருக்கும். இந்தத் தவறை நான் எண்ண முடியாத அளவுக்குப் பார்த்திருக்கிறேன்.

அந்தக் காலத்துச் சீனர் செய்தபடியே செய்வோம். அவர்கள் எழுத்து எதையும் எழுதவில்லை. கணக்குப் பலகையில் குச்சிகளை அடுக்கி, கெழுக்களை மட்டும் வைத்தார்கள். இடம்தான் மாறியின் பெயர். அவர்கள் ஒவ்வொரு சமன்பாட்டையும் மேலிருந்து கீழாக ஒரு நிரலில் வைத்தார்கள். நாம் பழக்கத்துக்கு ஏற்ப இடமிருந்து வலமாக ஒரு நிரையாக வைப்போம்.

3  2  1 | 39
2  3  1 | 34
1  2  3 | 26

பன்னிரண்டாம் வகுப்பில் 'விரிவுபடுத்தப்பட்ட அணி' என்று படிப்பது இதைத்தான். நிரை 2ஐ 3ஆல் பெருக்கி, அதிலிருந்து நிரை 1ஐ இரண்டு முறை எடுக்கிறோம். 6, 9, 3, 102 இலிருந்து 6, 4, 2, 78 போக 0, 5, 1, 24. நிரை 3ஐயும் 3ஆல் பெருக்கி, நிரை 1ஐ ஒரு முறை எடுத்தால் 0, 4, 8, 39.

3  2  1 | 39
0  5  1 | 24
0  4  8 | 39

உ இனி கீழ் இரண்டு நிரைகளிலும் இல்லை. இப்போது நிரை 3ஐ 5ஆல் பெருக்கி, நிரை 2ஐ நான்கு முறை எடுக்கிறோம். 0, 20, 40, 195 இலிருந்து 0, 20, 4, 96 போக 0, 0, 36, 99.

3  2  1 | 39
0  5  1 | 24
0  0  36 | 99

படிக்கட்டு போல் பூஜ்ஜியங்கள் இறங்குகின்றன. ஏறுபடி வடிவம் என்பது இது. கடைசி நிரை 36க = 99 என்கிறது; க = 11/4. கீழிருந்து மேலே ஏறுங்கள். 5ந = 24 − 11/4 = 85/4, ந = 17/4. 3உ = 39 − 34/4 − 11/4 = 111/4, உ = 37/4. உயர் ரகம் 9¼ தோ, நடு 4¼ தோ, கடை 2¾ தோ. அந்த நூல் தரும் விடையும் இதுவே.

கவனித்தீர்களா, கடைசிப் படிவரை பின்னமே வரவில்லை. வகுப்பதைத் தள்ளிப்போட்டு, பெருக்கிப் பெருக்கிக் கழித்ததால் கிடைத்த பலன் அது. கையால் கணக்குப் போடுகிறவர்களுக்கு இந்த வழி இன்றும் நல்லது. லியூ ஹூய் என்ற அறிஞர் 263இல் இந்த நூலுக்கு எழுதிய உரையில், மிகை எண்ணுக்குச் சிவப்புக் குச்சியும் குறை எண்ணுக்குக் கறுப்புக் குச்சியும் வைக்கச் சொல்கிறார். நீக்கும்போது குறை எண்கள் தாமாக வந்துவிடும், அவற்றைக் கையாள ஒரு வழி வேண்டும். அந்த மாணவி சறுக்கிய அதே மைனஸ்தான்!

இந்த முறையை இன்று காஸ் நீக்கல் என்கிறார்கள். அந்தப் பெயர் எப்படி வந்தது? ஜெர்மானியக் கணித அறிஞர் கார்ல் ஃபிரீட்ரிக் காஸ் (1777–1855) சிறுகோள்களின் பாதையைக் கணக்கிட்டபோது பல மாறிகளை ஒழுங்காக நீக்கும் முறையை வகுத்துப் பயன்படுத்தினார். பின்னால் வந்தவர்கள் அவர் பெயரையே அதற்கு வைத்துவிட்டார்கள்.

நிரைகளில் நீங்கள் செய்யக்கூடியவை மூன்று மட்டும்: இரண்டு நிரைகளை இடம் மாற்றலாம், ஒரு நிரையைப் பூஜ்ஜியம் இல்லாத எண்ணால் முழுவதும் பெருக்கலாம், ஒரு நிரையின் மடங்கை இன்னொன்றோடு கூட்டலாம். இவை மூன்றையும் செய்தபின் மாற்றிப் பழைய நிலைக்குத் திரும்பலாம். வந்த வழியே பின்னால் போக முடியும் என்பதால்தான் தீர்வு தொலைவதும் இல்லை, பொய்யான தீர்வு புகுவதும் இல்லை.

சமன்பாடுகளின் எண்ணிக்கையை நம்பாதீர்கள்

"மூன்று மாறி, மூன்று சமன்பாடு, ஆகவே ஒரே விடை" என்று சொல்லிக்கொடுப்பவர்கள் உண்டு. அது போதாது. இதைப் பாருங்கள்:

க + ச + ப = 6
2க − ச + ப = 3
3க + 2ப = 9

மூன்று வரி இருக்கிறது. ஆனால் மூன்றாவது, முதல் இரண்டின் கூட்டல். நீக்கத் தொடங்கினால் இரண்டாவதும் மூன்றாவதும் −3ச − ப = −9 என்று ஒரே உருவத்தில் வந்து நிற்கும், ஒன்றை ஒன்று கழித்தால் 0 = 0. அணித்தரம் என்ற பெரிய சொல் இதைத்தான் எண்ணுகிறது: நீக்கி முடித்தபின் உயிரோடு மிஞ்சும் நிரைகள் எத்தனை? இங்கே 2. மாறிகள் 3. ஒரு மாறி சுதந்திரமாக நிற்கிறது. ப-வுக்கு எந்த மதிப்பையும் கொடுக்கலாம்; ச = 3 − ப/3, க = 3 − 2ப/3. ப = 3 என்றால் (1, 2, 3). ப = 0 என்றால் (3, 3, 0). இரண்டையும் மேலே போட்டுப் பாருங்கள். வலப்பக்கம் 9க்குப் பதில் 10 இருந்திருந்தால் 0 = 1 வந்து தீர்வே இல்லாமல் போயிருக்கும்.

தீர்வு எண்ணற்றது என்றால் பயனில்லை என்று நினைக்க வேண்டாம். அதே எட்டாவது அத்தியாயத்தில் எனக்கு மிகவும் பிடித்த கணக்கு ஒன்று உண்டு. ஐந்து குடும்பங்களுக்குப் பொதுவாக ஒரு கிணறு. யாருடைய கயிறும் தனியாக எட்டாது. முதல் வீட்டுக் கயிறு இரண்டோடு இரண்டாம் வீட்டுக் கயிறு ஒன்றைச் சேர்த்தால் கிணற்று ஆழம். இரண்டாம் வீட்டின் மூன்றோடு மூன்றாம் வீட்டின் ஒன்று, மூன்றாம் வீட்டின் நான்கோடு நான்காம் வீட்டின் ஒன்று, நான்காம் வீட்டின் ஐந்தோடு ஐந்தாம் வீட்டின் ஒன்று, ஐந்தாம் வீட்டின் ஆறோடு முதல் வீட்டின் ஒன்று, எல்லாமே சரியாக ஆழத்துக்கு வருகின்றன.

2அ + ஆ = கி
3ஆ + இ = கி
4இ + ஈ = கி
5ஈ + உ = கி
6உ + அ = கி

ஐந்து சமன்பாடு, ஆறு மாறி. ஒவ்வொன்றிலும் ஒரு கெழு 1, ஆகவே பிரதியிடலுக்கு ஏற்றது. மேலிருந்து இறங்குவோம். ஆ = கி − 2அ. இ = கி − 3ஆ = −2கி + 6அ. ஈ = கி − 4இ = 9கி − 24அ. உ = கி − 5ஈ = −44கி + 120அ. கடைசிச் சமன்பாட்டில் போட, 6(−44கி + 120அ) + அ = கி. அதாவது 721அ = 265கி.

கிணறு எத்தனை ஆழம் என்று இது சொல்லவில்லை, சொல்லவும் முடியாது. ஆனால் விகிதம் முழுக்கக் கிடைத்துவிட்டது. 721க்கும் 265க்கும் பொதுக் காரணி இல்லை என்பதால், முழு எண்களில் மிகச் சிறிய விடை: கிணறு 721, கயிறுகள் 265, 191, 148, 129, 76. நூல் இந்த எண்களையே விடையாகத் தருகிறது. உரை எழுதிய லியூ ஹூய், இது விகிதத்தில் சொன்ன விடை என்று குறிப்பிடுகிறார். எண்ணற்ற தீர்வுகள் என்பதை இவ்வளவு அழகாகக் காட்டும் வேறு கணக்கு எனக்குத் தெரியாது. ஒரு தாளில் நீங்களே ஒருமுறை போட்டுப் பாருங்கள், மைனஸ் குறிகளைக் கவனித்து.

கிராமர் விதி

சுவிஸ் கணித அறிஞர் காப்ரியேல் கிராமர் 1750இல் வெளியிட்ட விதி. இரண்டு மாறிக்கு வேகமானது. நாரத்தைக் கணக்கையே எடுப்போம். கெழுக்களைக் குறுக்காகப் பெருக்கிக் கழிக்க, அணிக்கோவை = 9 × 9 − 7 × 7 = 32. நாரத்தையின் நிரலுக்குப் பதில் 107, 101 வைத்தால் 107 × 9 − 7 × 101 = 256. விளாம்பழத்தின் நிரலுக்குப் பதில் வைத்தால் 9 × 101 − 107 × 7 = 160. 256/32 = 8, 160/32 = 5.

இதன் உண்மையான பயன் அந்த 32இல் இருக்கிறது. அது பூஜ்ஜியமாக வந்தால் ஒரே தீர்வு கிடையாது என்று கணக்கில் இறங்கும் முன்பே தெரிந்துவிடும். பூஜ்ஜியமாக வந்தபின் தீர்வே இல்லையா, எண்ணற்றதா என்று அறிய மறுபடியும் நீக்கல் முறைக்குத்தான் வர வேண்டும். மூன்று மாறிக்கு மேல் கிராமர் விதியை நான் பரிந்துரைக்க மாட்டேன். 20 மாறிகள் இருந்தால் காஸ் நீக்கலுக்கு ஏறத்தாழ மூவாயிரம் பெருக்கல் போதும். அணிக்கோவையை நேரடியாக விரித்தால் அதில் 20! (1 முதல் 20 வரை எல்லா எண்களையும் பெருக்கியது) உறுப்புகள் வரும், 2.4க்குப் பின் பதினெட்டு இலக்கம் நகர்த்தும் அளவுக்குப் பெரிய எண் அது. கணினிகள் பெரிய தொகுப்புகளைத் தீர்க்க நீக்கலைப் பயன்படுத்துவதன் காரணம் இதுதான்.

அளந்து எடுத்த எண்கள் வரும்போது

வினாத்தாளில் வரும் எண்கள் துல்லியமானவை. தராசிலிருந்தும் மீட்டரிலிருந்தும் வரும் எண்கள் அப்படி இல்லை. அங்கே, சரிபார்த்த பிறகும் ஏமாறலாம்.

க + ச = 2
க + 1.001ச = 2.001

கழித்தால் 0.001ச = 0.001. ச = 1, க = 1. இப்போது இரண்டாவது அளவீட்டில் கடைசி இலக்கம் ஒன்று மட்டும் தவறி 2.002 என்று பதிவானதாக வைத்துக்கொள்வோம். 0.001ச = 0.002. ச = 2, க = 0. அளவீட்டில் ஆயிரத்தில் ஒன்று பிசகியது, விடையில் ஒரு முழு எண் பிசகிவிட்டது. இந்தத் தவறான விடையைச் சரியான மூலச் சமன்பாடுகளில் போட்டால் முதலாவது பொருந்தும், இரண்டாவதில் 2.001க்குப் பதில் 2.002 வரும். கிட்டத்தட்டச் சரி என்று விட்டுவிடத் தோன்றும்.

வரைபடத்தில் பார்த்தால் காரணம் தெரியும். இரண்டு கோடுகளும் ஏறக்குறைய ஒரே திசையில் போகின்றன, மிகக் குறுகிய கோணத்தில் வெட்டுகின்றன. ஒன்றை மயிரிழை நகர்த்தினாலும் வெட்டும் புள்ளி வெகுதூரம் ஓடிவிடும். இதற்கு அதிகத் தசம இலக்கம் வைத்துக் கணக்குப் போடுவது மருந்தாகாது, தவறு அளவீட்டிலேயே இருக்கிறது. கோடு வேறு திசையில் போகும்படி இன்னொரு அளவீடு எடுங்கள். இரண்டின் கூடுதலை அளந்திருந்தால் அடுத்து வித்தியாசத்தை அளக்கப் பாருங்கள். க − ச = 0 என்று அளந்தது ஆயிரத்தில் ஒன்று பிசகி 0.001 ஆனாலும், க = 1.0005, ச = 0.9995 என்றுதான் வரும்.